அண்ணன் பேசாத ஒரு வரி

வித்தெர்போ,
14 மார்ச் 1972, செவ்வாய்க்கிழமை

என் அன்பு மகள் லவீனியாவுக்கு,

உன் சித்தப்பா எவரிஸ்தோ எழுதுவது. மால்மோவில் நீயும், மாப்பிள்ளை ஹோகானும், பல் முளைக்கிற கோபத்தில் உலகத்தையே கடித்துக்கொண்டிருக்கும் குட்டி தோவாவும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். என் சுகத்தைப் பற்றிக் கேட்டால், போன வியாழக்கிழமையிலிருந்து நான் செத்துக் கிடக்கிறேன்.

பதறாதே, தொழில் நிமித்தம்தான். இந்தப் படத்தில் நான் ஒரு பிஷப். முதல் காட்சியிலேயே எனக்கு விஷம் வைத்துவிடுகிறார்கள். அதற்குப் பிறகு படம் முழுக்க என்னைச் சுற்றி நின்றுகொண்டு, யார் வைத்தது என்று ஒருவரையொருவர் முறைக்கிறார்கள். ஒரு பழைய தேவாலயத்தின் நிலவறையில் படப்பிடிப்பு. விளக்கை ஒரு மூலையிலிருந்து இன்னொரு மூலைக்கு நகர்த்த இவர்களுக்கு ஒரு மணி நேரம் ஆகிறது. அந்த நேரத்தில் சவப்பெட்டியிலேயே எழுந்து உட்கார்ந்து, முழங்காலில் அட்டையை வைத்து இதை எழுதுகிறேன். நேற்றுக் காலை கோயிலைப் பெருக்க வந்த அம்மாள் இதைப் பார்த்துவிட்டாள். அவள் ஓடிய ஓட்டத்தில் வித்தெர்போவின் புறாக்கள் மொத்தமும் புளோரன்ஸுக்குக் குடிபெயர்ந்துவிட்டதாகக் கேள்வி.

உடம்பு முழுக்க ஊதா அங்கி வேறு. நாடகக்காரனுக்கு ஊதா என்றால் என்ன என்று உனக்குத் தெரியும். தவக்காலத்தின் நிறம் அது. அந்தக் காலத்தில் தவக்காலம் வந்தால் கொட்டகைகளை மூடிவிடுவார்கள், நாற்பது நாள் நம் முன்னோர்கள் பட்டினி. இரும்பைத் தொட்டால் தோஷம் அண்டாது என்பார்கள், அதனால் அங்கிப் பையில் ஒரு பெரிய இரும்புச் சாவியைப் போட்டுக்கொண்டு, அதைத் தொட்டபடியேதான் செத்திருக்கிறேன். பிணத்தின் கை ஏன் எப்போதும் பைக்குள்ளேயே இருக்கிறது என்று இயக்குநர் இரண்டு தடவை கேட்டுவிட்டார்.

உன் மார்ச் மூன்றாம் தேதிக் கடிதம் வந்து சேர்ந்தது. நம் கட்டடத்து வாசலைக் காக்கும் செஸீரா அதை ரோமிலிருந்து பஸ் கண்டக்டர் கையில் கொடுத்து அனுப்பியிருந்தாள். நான்கு வருடம் பேசாமல் இருந்த அப்பா தன் வாயாலேயே வீட்டுக்கு வா என்று கூப்பிட்டுவிட்டார், மூன்று பேருக்கும் டிக்கெட் எடுத்தாயிற்று, ஈஸ்டருக்கு முந்தின புனித சனிக்கிழமை மதியம் ரோமில் தெர்மினி நிலையத்தில் இறங்குகிறோம், அதற்கு முந்தின ஞாயிறு பதினொரு மணிக்கு அப்பாவுக்கு ஃபோன் செய்கிறேன் என்று எழுதியிருக்கிறாய். சவப்பெட்டியில் உட்கார்ந்து படித்து, வாய்விட்டு அழுதேன். மேக்கப் போடும் பெண் வந்து என்னை மறுபடியும் முதலிலிருந்து சாகடிக்க வேண்டியதாயிற்று.

மகளே, ரயில் ஏறுவதற்கு முன் நீ ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். பிப்ரவரி மூன்றாம் தேதி ஃபோனில் உன்னை வா என்று கூப்பிட்டது உன் அப்பா இல்லை. நான். அன்றைக்கு மட்டுமல்ல, கிறிஸ்துமஸிலிருந்து மூன்று தடவையும் உன் காதில் விழுந்தது என் தொண்டை. உன் அப்பாவுக்கு இப்போது குரல் இல்லை.

இப்படிப் பொட்டென்று போட்டு உடைத்ததற்கு மன்னித்துக்கொள். வாழ்நாளில் எந்தக் காட்சியிலும் நான்கு நிமிடத்துக்கு மேல் இருந்து பழக்கமில்லாதவன் நான், சுற்றி வளைக்க வராது. இதையும் ஃபோனிலேயே சொல்லியிருக்கலாமே என்பாய். ஃபோனில் வாயைத் திறந்தால் யார் குரல் வரும் என்று இப்போதெல்லாம் எனக்கே நிச்சயமில்லை. அது ஏன் என்று புரிய, என் மகத்தான வாழ்க்கை வரலாற்றை நீ கொஞ்சம் பொறுத்துக்கொள்ள வேண்டும். மன்னர்கள் வரலாற்றையே பொறுத்துக்கொள்கிற உலகம், இதையும் பொறுக்கும்.

நான் பிறந்தது மொதேனாவில், ஒரு நாடகத்தின் மூன்றாம் அங்கத்துக்கும் நான்காம் அங்கத்துக்கும் நடுவில், உடைப் பெட்டியின் மேல். எங்கள் அம்மா நான்காம் அங்கத்தில் மறுபடியும் மேடையேறி, கன்னிப் பெண்ணாக நடித்துக் கைதட்டல் வாங்கினாள். இதில் பாதிதான் பொய். எந்தப் பாதி என்று அம்மா கடைசிவரை சொல்லவில்லை. பதினேழு வயதில் எழுபது வயதுக் கிழவனாக நடிக்க ஆரம்பித்தேன். இப்போது எழுபதை நெருங்கும்போது, நடிப்பில் இயல்பு குறைந்துவிட்டது என்று பத்திரிகையில் எழுதுகிறார்கள்.

மேடையில் பத்தொன்பது வருடம். பிறகு சினிமா. இதுவரை நூற்று நாற்பத்து மூன்று படம். நோட்டரி இருபத்தாறு தடவை, பாதிரியார் பத்தொன்பது, மனைவி ஏமாற்றுவது தெரியாத மருந்துக்கடைக்காரன் பதினான்கு. அறுபத்தொரு தடவை செத்திருக்கிறேன், அதில் இரண்டு தடவை ஒரே படத்தில். ஒரு தடவைகூட முத்தமிட்டதில்லை. கதாநாயகன் வந்து நிற்பதற்கு ஒரு சுவர் வேண்டும் அல்லவா, அந்தச் சுவருக்கு மீசை வைத்தால் நான். ஆனால் என் முகத்தைத் தெரியாத ஆள் மிலானிலிருந்து பலெர்மோ வரை கிடையாது. பெயர்தான் ஒருத்தனுக்கும் தெரியாது.

அந்தப் படங்கள் ஒன்றிலும் நான் பேசியதில்லை. நீ அந்த இருட்டு டப்பிங் ஹாலில் வளர்ந்தவள், உனக்குச் சொல்ல வேண்டுமா. ஆனாலும் இதை மாப்பிள்ளைக்கு மொழிபெயர்த்துச் சொல்வாய் என்பதற்காக எழுதுகிறேன். நம் ஊரில் படம் எடுக்கும்போது சத்தத்தைப் பற்றி யாரும் கவலைப்படுவதில்லை. இயக்குநர் கத்துவார், தச்சன் ஆணி அடிப்பான், பக்கத்துத் தெருவில் கழுதை கனைக்கும். குரலை எல்லாம் பிறகு ஹாலில் உட்கார்ந்து வேறு ஆட்கள் போடுவார்கள். என் குரல் எண்ணெய் போடாத கதவுக்கீல். மேடையில் அதுவே என் செல்வம், கடைசி வரிசைவரை கீறிக்கொண்டு போகும். முதல் படத்தில் அதைக் கேட்ட தயாரிப்பாளர், இந்த முகத்துக்கு வேறு குரல் போடுங்கள், இல்லையென்றால் இந்தக் குரலுக்கு வேறு முகம் போடுங்கள் என்று சொல்லிவிட்டுச் சாப்பிடப் போய்விட்டார். அப்போது குரல் கொடுக்க வந்தவர்தான் என் அண்ணன், உன் அப்பா, அன்செல்மோ பன்கால்டி.

அந்தக் குரலை நான் வர்ணிக்க மாட்டேன். நிலவறையில் பத்து வருடம் கிடந்த ஒயின் என்று எழுதினால் ஒயினுக்குத்தான் பெருமை. அந்தக் குரல் என் வாயில் ஏறியதும் நான் மூன்று விரல்கடை உயர்ந்தேன். முதல் படத்தைக் கொட்டகையில் பார்த்த அம்மா, பக்கத்து இருக்கைக்காரியிடம் சத்தமாகவே சொன்னாள்: "இப்பத்தான்டியம்மா என் ரெண்டு பிள்ளைங்களும் சேந்து ஒரு முழு மனுஷன் ஆனாங்க."

எப்படியும் அண்ணன் பேசப்போகிறார் என்பதால், கேமரா முன் நான் வசனத்தையே மனப்பாடம் செய்வதில்லை. எண்களைச் சொல்வேன். எண்களைச் சொல்லியே ஒரு விதவைக்குக் காதலைத் தெரிவித்திருக்கிறேன். நாற்பத்தொன்றில் கையைப் பிடித்தேன், ஐம்பத்தெட்டில் அவள் சம்மதித்தாள். எண்கள் அலுத்துப்போனால் அண்ணனைத் திட்டுவேன். நீதிபதி வேடத்தில், கண்ணில் நீர் ததும்ப, "அண்ணே, எடுத்துட்டுப் போன என் மழைக்கோட்டை எப்பத் திருப்பித் தரப்போற" என்று கேட்டிருக்கிறேன். ஹாலில் அந்தத் துண்டுப் படம் வளையமாகத் திரும்பத் திரும்ப ஓடும். அண்ணன் என் உதட்டைப் படித்துவிட்டு, சிரித்துச் சிரித்து மேசையில் சாய்ந்துவிடுவார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, அதே உதட்டசைவுக்கு ஒரு மயிரிழை பிசகாமல், இந்தப் பெண் குற்றமற்றவள் என்று தீர்ப்புச் சொல்வார். நாடே அழும்.

பக்கத்தில் உட்கார்ந்து உட்கார்ந்து எனக்கும் அவர் உதட்டைப் படிக்க வந்துவிட்டது. கார்டினல் ஒருவரின் பிரசங்கம் முழுவதும், எதிரெதிர்த் தூணில் சாய்ந்தபடி, சத்தமே இல்லாமல் நாங்கள் அரட்டை அடித்திருக்கிறோம். அவர் குரலைக் காப்பியடிக்கவும் கற்றுக்கொண்டேன். வேறு வழி? தெருவில் என்னைப் பார்க்கிறவன் ஆசையாக வந்து ஒரு வார்த்தை பேசச் சொல்வான். வாயைத் திறந்தால் கதவுக்கீல். பாவம், அவன் முகம் விழுந்துவிடும். கசாப்புக்கடை ரெமிஜோ ஒரு தடவை, "ஐயா, உங்களுக்கு உடம்பு சரியில்ல, வீட்டுக்குப் போங்க" என்றான். அன்றிலிருந்து கடைத்தெருவில் நான் அண்ணன் குரலில்தான் பேசுகிறேன். ஒரு தெரு நீளத்துக்கு மேல் பேசினால் தொண்டை வலிக்கும். ஆனால் நல்ல கறி கிடைக்கும்.

இனி நீ. ஆறு வயதில் உன்னைப் பெட்டி மேல் ஏற்றி மைக் முன்னால் நிறுத்தினார் உன் அப்பா. அடுத்த பத்து வருடம் இத்தாலியத் திரையில் அழுத குழந்தைகளில் பாதி நீதான். அநாதைச் சிறுவர்கள், இளவரசிகள், ஒரு நாய்க்குட்டிகூட. உன் குரலுக்கு முன்னால் தன் குரல் ஒன்றுமில்லை என்று அவர் ஹால் முழுக்கச் சொல்லித் திரிந்தார். இருபத்து மூன்று வயதில், ஹோகானோடு புறப்படுவதற்கு முந்தின வாரம், சமையலறையில் வைத்து நீ அவரிடம் சொன்னாய்: "அடுத்தவங்க வாய்க்குப் பேசினது போதும்ப்பா. இனிமே என் வாய்க்கு நான் பேசணும்."

நான் அப்போது பாஸ்தாவுக்குச் சீஸ் துருவிக்கொண்டிருந்தேன். அண்ணன் குரலை உயர்த்தவே இல்லை. அதுதான் பயமாக இருந்தது. "போ. ஆனா இந்த வீட்டுல உன் குரல் கேக்கக் கூடாது" என்றார். நான் விரலையும் சேர்த்துத் துருவிவிட்டேன்.

போன செப்டம்பரில் தொண்டையில் கட்டி என்றார்கள். குரல்வளையை மொத்தமாக எடுத்தாக வேண்டும் என்றார்கள். எனக்கும் செஸீராவுக்கும் மட்டும்தான் தெரியும். மற்றவர்களிடம் வெந்நீர் ஊற்றுக்குக் குளிக்கப் போவதாகச் சொன்னார். உனக்கு எழுதக் கூடாது என்று அம்மாவின் கல்லறை மேல் என்னிடம் சத்தியம் வாங்கினார். செய்தேன். அந்தச் சமயம் நான் ஒரு பாதிரி வேடத்தில் இருந்தேன், அதனால் சத்தியம் செய்தது அந்தப் பாதிரிதான் என்பது சட்ட நிபுணன் என்ற முறையில் என் கருத்து. இருபத்தாறு தடவை நோட்டரியாக இருந்தவன் சொன்னால் சும்மாவா.

ஆஸ்பத்திரிக்குப் போவதற்கு முதல் நாள் காலை அவர் ஹாலுக்குப் போனார். என் காட்சி ஒன்று பாக்கி இருந்தது, அதிலும் நோட்டரிதான். ஒரு கிழவிக்கு வீட்டுப் பத்திரத்தில் இடத்தைக் காட்ட வேண்டும், ஒரே வரி. முதல் தடவையே சரியாக வந்துவிட்டது. இன்னொன்று என்றார். அதுவும் சரி. இன்னொன்று என்றார். ஒலிப்பதிவாளர் ஒன்றும் கேட்காமல் பதினோரு தடவை பதிவு செய்தான். உன் அப்பாவின் குரல் இந்த உலகத்தில் கடைசியாகச் சொன்ன வார்த்தைகள், "இங்க ஒரு கையெழுத்துப் போடுங்கம்மா." அது என் வாயில் இருக்கிறது. படம் வெளிவந்துவிட்டது. நான் போகவில்லை.

கிறிஸ்துமஸ் மதியம் அவர் வீட்டில் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். கழுத்தில் துளை. அதன் மேல் பட்டுத்துணி கட்டியிருந்தார், பழைய காலத்துக் கவிஞன் மாதிரி. ஃபோன் அடித்தது. வெளிநாட்டு அழைப்பு என்று எக்ஸ்சேஞ்ச் பெண் சொன்னாள். பிறகு நீ, "அப்பா?" என்றாய். பின்னால் ஒரு குழந்தை கத்தியது. அவருக்குப் பேத்தி பிறந்ததே அந்தக் கத்தலில்தான் தெரியும். ரிசீவர் என் கையில். அவர் எழுந்து வந்து எனக்கு எதிரில், மூக்கு இடிக்கிற தூரத்தில் நின்றார். ரிசீவரை எங்கள் இருவர் காதுக்கும் நடுவில் பிடித்துக்கொண்டார். உதடு அசைந்தது: "பேசுடா."

பேசினேன். அவர் உதட்டைப் பார்த்து, அவர் குரலில். முப்பது வருடம் அவர் என் வாய்க்குப் பேசினார், அன்றைக்கு நான் அவர் வாய்க்குப் பேசினேன். ஒரு வார்த்தைகூட நான் சேர்க்கவில்லை, லவீனியா, இதை நீ நம்ப வேண்டும். குழந்தை யார் ஜாடை என்று கேட்டது அவர். அங்கே வெயிலே வராதாமே, குழந்தையைச் சன்னல் ஓரமாகப் படுக்க வை என்றது அவர். அப்பா, சளி பிடித்திருக்கிறதா, குரல் ஒரு மாதிரி இருக்கிறதே என்று நீ கேட்டபோது, "கெழவனாயிட்டேன்மா" என்றதும் அவர்தான். உன் காது எப்படி ஏமாந்தது என்று நொந்துகொள்ளாதே. ஐரோப்பா முழுவதையும் கம்பியில் நடந்து கடந்து வரும் எந்தக் குரலுக்கும் சளி பிடித்திருக்கும்.

மூன்று ஞானிகள் திருநாளன்று இரண்டாவது தடவை. பிறகு பிப்ரவரி மூன்று, புனித பியாஜோவின் நாள். தொண்டைகளைக் காக்கும் புனிதர் அல்லவா, கோயிலில் இரண்டு மெழுகுவர்த்தியைக் குறுக்காகக் கழுத்தில் வைத்து ஆசீர்வதிப்பார்கள். செஸீரா அண்ணனை இழுத்துக்கொண்டு போனாள். அங்கே ஆசீர்வதிக்க இனி என்ன இருக்கிறது என்று நான் கேட்டேன். "உங்க வாயை ஆசீர்வாதம் பண்ணச் சொல்றேன், அதுக்குத்தான் அவசரமாத் தேவைப்படுது" என்றாள். திரும்பி வந்த அரை மணியில் நீ கூப்பிட்டாய். எல்லாம் நன்றாகத்தான் போனது. கடைசியில் நீ, "அப்பா, நான் வீட்டுக்கு வரட்டுமா?" என்று கேட்டாய்.

அவர் உதடு அசையவில்லை.

நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். மேடையில் எதிரில் நிற்பவனுக்கு வசனம் மறந்துபோகும்போது வருமே ஒரு மௌனம், அரங்கு முழுக்க இருமத் தொடங்குவதற்கு முன்னால், அது வந்தது. அந்த இடத்தில் என்ன செய்வது என்று என் ரத்தத்தில் எழுதியிருக்கிறது. பக்கத்தில் இருப்பவன் எடுத்துக்கொடுக்க வேண்டும். எடுத்துக்கொடுத்தேன். "வாம்மா. மூணு பேரும் வாங்க. உன் ரூமுக்குப் புதுசா வெள்ளையடிச்சு வெச்சிருக்கேன்."

அண்ணன் விரலால் ஃபோனை அமுக்கி இணைப்பைத் துண்டித்தார். லைன் போய்விட்டது என்று நீ நினைத்திருப்பாய். பிறகு எப்போதும் சட்டைப்பையில் வைத்திருக்கும் நோட்டில் எழுதி என் முகத்துக்கு நேராகப் பிடித்தார்: அது என் வசனம் இல்லை.

அத்தோடு என்னை வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினார். அவர் நான்காவது மாடி, நான் இரண்டாவது. பதினொரு நாள் படியில் எதிரே வந்தால் சுவரைப் பார்த்தார். பன்னிரண்டாம் நாள் சமாதானம் பேசப் போனேன். என் கெட்ட நேரம், பிஷப் உடை அளவெடுத்துவிட்டு நேராகப் போயிருந்தேன், காலில் ஊதாக் காலுறை. வாசலில் அதைப் பார்த்தவர் ஒரு கையால் இரும்புக் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, இன்னொரு கையால் எறிந்த செருப்பு முதல் மாடிவரை போய், அஞ்சல்பெட்டிகளைத் தட்டிவிட்டு, செஸீராவின் பூனையை வீட்டைவிட்டு ஓடவைத்துத் துறவியாக்கியது.

விளக்கு தயாராகிவிட்டதாம். சாகப் போகிறேன். மீதியைப் பிறகு எழுதுகிறேன்.

ரோம்,
20 மார்ச், திங்கள்கிழமை

நேற்று புனித யோசேப்பு நாள், தகப்பன்மார்களின் நாள். படப்பிடிப்பு விடுமுறை. க்ரீம் வைத்துப் பொரித்த பணியாரம் ஆறு வாங்கிக்கொண்டு, சாதாரணக் காலுறையோடு, உன் கடிதத்தைப் பையில் வைத்துக்கொண்டு ரோமுக்கு வந்தேன். வாசலில் செஸீரா மறித்தாள். "என்னங்கய்யா, இந்த வாரம் யாரா செத்தீங்க?" என்றாள். பிஷப் என்றேன். "பரவால்ல, ஒரு படி மேல ஏறியிருக்கீங்க" என்றாள்.

அண்ணன் கதவைத் திறந்தார், பணியாரத்துக்காகத்தான். உன் கடிதத்தை நீட்டினேன். நின்றபடி ஒரு தடவை, உட்கார்ந்து ஒரு தடவை, சன்னலுக்குப் போய் ஒரு தடவை படித்தார். பிறகு நோட்டை எடுத்து எழுதினார்: அடுத்த ஞாயிறு அவள் கூப்பிடுவாள். நான் நாடகக் குழுவோடு தென் அமெரிக்கா போவதாக என் குரலில் சொல்லு. ஒரு வருடம் ஆகும் என்று சொல்லு.

தென் அமெரிக்காவைத் தவிர வேறு ஊர் கிடைக்கவில்லையா என்று கேட்டேன். சிரிக்கவில்லை. மாட்டேன் என்றேன். முப்பது வருடமாக என் வாயில் அவர் வைத்ததையெல்லாம் வாங்கிக்கொண்டேன், இதை வாங்க மாட்டேன் என்றேன். என் சொந்தக் குரலில்தான் சொன்னேன், கதவுக்கீலில். அவருக்கு அது கேட்டே பல வருடம் ஆகியிருக்கும், நிமிர்ந்து பார்த்தார்.

நோட்டை வைத்துவிட்டு உதட்டால் பேசத் தொடங்கினார். மெதுவாக, நான் ஒன்றையும் விட்டுவிடக் கூடாது என்பதுபோல. "அவளுக்கு நான்னா இந்தக் குரல்தான்டா. மூஞ்சி என்ன மூஞ்சி. சின்னதுல இருட்டுலதானே என்னைக் கேட்டு வளந்தா. வந்து நின்னு, என்னப்பான்னு கேட்டா நான் என்னத்தக் காட்டுவேன்? ஓட்டையவா? அந்தக் குழந்தை என்னைப் பாத்து அலறும். இவ எம்மேல கோவமா இருந்தா தாங்கிக்குவேன். பாவம்னு பாத்தா தாங்க மாட்டேன்."

உன் அப்பாவை எனக்கு அறுபத்தேழு வருடமாகத் தெரியும். பயப்பட்டு நேற்றுத்தான் பார்த்தேன்.

அப்போதுதான் ஒன்றைக் கேட்டேன். வித்தெர்போவில் பிணமாகக் கிடக்கிறவனுக்கு யோசிப்பதைத் தவிர வேறு வேலை இல்லை. அந்தப் பிப்ரவரி மூன்றைத் துண்டுப் படம் மாதிரி திரும்பத் திரும்ப மனதில் ஓட்டிப் பார்த்தேன். நீ வரட்டுமா என்று கேட்கிறாய், அவர் உதடு அசையவில்லை. சரி. நான் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன், முப்பது வருடப் பழக்கம். ஆனால் ரிசீவர் அவர் கையில் இருந்தது. அது எங்கள் இருவருக்கும் நடுவில் இருந்தது. நான் வாயைத் திறக்கும்போது அது என் வாய்க்கு நேராக இருந்தது. நான் தொடவில்லை.

"அண்ணே, ரிசீவரை எம்பக்கம் சாய்ச்சது யாரு?" என்று கேட்டேன்.

அவர் பணியாரத்து க்ரீமை விரலால் வழித்துச் சாப்பிட்டார். சாப்பிட்டு முடித்து, விரலைத் துடைத்து, முகத்தைச் சன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார். பின்மண்டையில் உதடு கிடையாது, அதனால் என்னால் படிக்க முடியவில்லை. இறங்கி வந்துவிட்டேன்.

படியில் செஸீரா காத்திருந்தாள். நாங்கள் சண்டை போட்டோமா என்று கேட்க வந்திருப்பாள் என்று நினைத்தேன். இல்லை. ஒரு வாரமாகக் காலையில் அண்ணன் வீட்டுக் குளியலறையில் ஏதோ ஒரு பிராணி இருக்கிறது என்றாள். "தவளை மாதிரி இருக்குங்கய்யா. தண்ணிக்குழாயைத் திறந்து விட்டுட்டு, அது பாட்டுக்கு ஒரே சத்தம். லா... லா... மறுபடியும் லா. பாட்டுமில்ல, ஒண்ணுமில்ல."

நான் படியிலேயே உட்கார்ந்துவிட்டேன். ஆஸ்பத்திரியில் ஒரு பெண், காற்றை விழுங்கி ஏப்பமாக வெளியே விட்டு அதில் வார்த்தை பேச அவருக்குச் சொல்லிக்கொடுக்க வந்தாள். மன்னர்களுக்குப் பேசின வாய் ஏப்பத்தில் பேசாது என்று நோட்டில் எழுதி அவளைத் திருப்பி அனுப்பினவர் அவர். இப்போது குழாயைத் திறந்துவிட்டு, யாருக்கும் கேட்காமல், உன் பெயரின் முதல் எழுத்தில் நிற்கிறார். மற்ற எழுத்துகளுக்கு இன்னும் காற்றுப் போதவில்லை போலிருக்கிறது.

எனக்கு அவர் ஒன்றும் சொல்லவில்லை. வரச் சொல் என்றும் சொல்லவில்லை. உனக்குப் பொய் சொல்லப் பழகிய வாயால் வாக்குறுதி எதுவும் தர மாட்டேன். என் ஆலோசனை மட்டும் இதோ.

இதை அவசரத் தபாலில் போடுகிறேன், சனிக்கிழமைக்குள் உன் கைக்கு வந்துவிடும். டிக்கெட்டை ரத்துச் செய்யாதே. நீ எழுதியிருந்தபடி ஞாயிறு பதினொரு மணிக்குக் கூப்பிடு. நான் அங்கே இருக்க மாட்டேன், வித்தெர்போவில் என் அடக்கம். ஃபோன் நெடுநேரம் அடிக்கும். அடிக்கட்டும். எக்ஸ்சேஞ்ச் பெண் யாரும் எடுக்கவில்லை என்று சொன்னால், இன்னும் கொஞ்சம் பார் என்று அவளைக் கெஞ்சு. அவர் வீட்டில்தான் இருப்பார், ஃபோனுக்குப் பக்கத்து நாற்காலியில்தான் இருப்பார். எடுப்பாரா என்று எனக்குத் தெரியாது. எடுத்தால், உனக்குக் குரல் எதுவும் கேட்காது. மூச்சு கேட்கும், ஒரு சின்ன விசில் மாதிரி. அது லைன் கோளாறு இல்லை, அதுதான் அப்பா. ஏன் மறைத்தீர்கள் என்று கேட்காதே. அழுவதானால் ரிசீவரை மூடிக்கொண்டு அழு. எத்தனை மணிக்கு ரயில், குழந்தை என்ன சாப்பிடும், மாப்பிள்ளைக்கு எந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்கப் பழக்கம், இப்படி எதையாவது பேசிக்கொண்டே இரு. அந்த வீட்டில் உன் குரல் கேட்கட்டும். நடுவில் தவளை மாதிரி ஒரு சத்தம் வந்தால், வந்தாலும் வரலாம், சிரிக்காமல் "என்னப்பா" என்று கேள்.

அவராக வைக்கும்வரை நீ ஃபோனை வைத்துவிடாதே, மகளே. எவ்வளவு நேரம் ஆனாலும்.

தோவாவின் கடிக்கும் வாய்க்கும், மாப்பிள்ளையின் நீண்ட கைகளுக்கும், உன் நெற்றிக்கும் என் முத்தங்கள். புனித பியாஜோ உங்கள் மூவரின் தொண்டையையும் காக்கட்டும்.

சொந்தக் குரலில் எழுதும்,
உன் சித்தப்பா
எவரிஸ்தோ பன்கால்டி